சமையற்கூடத்திலிருந்து திரைக்கு: அண்ணா சாளுங்கேயும் இந்தியப் பேசாப்படத்தின் தொடக்க காலமும்

இந்தியத் திரைப்படத்தின் வரலாற்றை எழுதப் புகுவோர் பெரும்பாலும் ஒரு தனிமனிதரின் வாழ்க்கையிலிருந்தே தொடங்குவர். தூண்டிராஜ் கோவிந்த பால்கே (1870-1944) இந்தியத் திரைப்படத்தின் தந்தை எனப் போற்றப்படுகின்றார். அப்போற்றுதலில் தவறேதும் இல்லை. ஆயினும் தந்தை என்றொருவர் இருப்பின் குடும்பம் என்றொன்றும் இருந்திருத்தல் வேண்டும். அக்குடும்பத்தில் உழைத்தவர் யாவர், அவர்கள் எங்கிருந்து வந்தனர், எக்கூலிக்கு வந்தனர் என்னும் வினாக்களை வரலாற்றாசிரியர்கள் போகிற போக்கில் தொட்டுச் செல்வதோடு அமைந்துவிடுகின்றனர். பெருமக்களின் வரலாறாகவே வரலாற்றை எழுதும் பழக்கம் அரசியல் வரலாற்றிலிருந்து ஓரளவு நீங்கியபோதும், கலை வரலாற்றில் இன்னும் உறுதியாகவே நிலைகொண்டுள்ளது. இக்கட்டுரையில் நாம் அக்குடும்பத்து உறுப்பினர் ஒருவரை மட்டும் எடுத்து நோக்க முயல்கின்றோம். அவர் பெயர் அண்ணா சாளுங்கே.

1913ஆம் ஆண்டு வெளிவந்த 'ராஜா ஹரிச்சந்திரா'வில் அரசி தாராமதியாகத் தோன்றியவர் இவர். 1917இல் வெளிவந்த 'லங்கா தகனம்' படத்தில் இராமனாகவும் சீதையாகவும் இவரே நடித்தார். பின்னர் நடிப்பை விடுத்துக் கமராவின் பின்னே சென்று, இருபதுகளில் பல படங்களின் ஒளிப்பதிவாளராகப் பணியாற்றினார். திரைப்படம் பற்றிய பொது நூல்களில் இவருக்குக் கிடைப்பது வழக்கமாக ஒரு வாக்கியமே: இந்தியத் திரையின் முதற் கதாநாயகி ஓர் ஆண் என்பது அது. வாசகர் புன்னகைத்துவிட்டு அப்பாற் செல்வர். அப்புன்னகைக்குப் பின்னால் மறைந்து கிடக்கும் சமூக உறவுகளே எமது அக்கறைக்குரியன.

முதலிற் கதையைப் பற்றிச் சிறிது கூறுதல் வேண்டும். எம்மவர் சந்திரமதி என்று அறிந்துள்ள பாத்திரமே மராத்தியில் தாராமதி எனப்படுவது. நடிகமணி வி. வி. வைரமுத்துவின் மயான காண்டத்தை விடியவிடிய இருந்து பார்த்த தலைமுறையினர்க்கு இக்கதை எத்துணை ஆழமாக மக்கள் நெஞ்சில் வேரூன்றியது என்பதை விளக்கவேண்டியதில்லை. மேற்கிந்தியாவிலும் நிலைமை அதுவே. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் பார்சி அரங்கு இதனைக் குஜராத்தியிலும் உருதுவிலும் மேடையேற்றிற்று. காந்தி தம் சிறுவயதிற் பார்த்த அரிச்சந்திர நாடகம் தம்மை விடாது பற்றிக்கொண்டமையைத் தம் சுயசரிதையிற் குறிப்பிடுகின்றார். இலங்கைக்கு வந்து சிங்கள நூர்த்தி அரங்கு தோன்றக் காலாயிருந்ததும் இதே பார்சி அரங்கு மரபுதான். எனவே பால்கே தேர்ந்தெடுத்தது மக்கள் முன்னரே மனனஞ் செய்து வைத்திருந்த ஒரு கதையை. பேச்சில்லாத ஒரு சாதனத்திற்கு இது பெருந்துணை. வாயசைவதைக் கண்டாலே பார்ப்போர் வசனத்தைத் தாமே நிரப்பிக்கொள்வர்.

ஆயின் கதையின் உள்ளடக்கத்தையும் கவனித்தல் தகும். அரசன் ஒருவன் வாக்குக் காப்பதற்காகத் தன் மனைவியையும் மகனையும் விற்கின்றான். விலைக்குப்போன அரசி ஒரு வீட்டிற் பணிப்பெண்ணாக உழைக்கின்றாள். சத்தியத்தின் மேன்மையைக் கூறும் கதையாகவே இது வழங்கிவருகின்றதெனினும், அச்சத்தியத்தின் விலையைச் செலுத்துபவள் யார் என்று கேட்பின், அது அரசனைக் காட்டிலும் அரசியே என்பது புலனாகும். அவ்வரசியின் வேடத்தைத் தாங்கியவர் மாதச் சம்பளத்திற்குப் பிறருக்குச் சமைத்துக் கொடுத்த ஒருவர் என்பது தற்செயலாக இருக்கலாம். வரலாறு சில வேளைகளில் இத்தகைய தற்செயல்களை உண்டாக்கி வைக்கின்றது.

பால்கேயின் முயற்சி எவ்வாறு உருப்பெற்றதென்பது பலரும் அறிந்ததாகையால் விரைந்து கூறிச் செல்வோம். பம்பாயில் ஜே. ஜே. ஓவியப் பள்ளியிலும் பின்னர் பரோடா கலாபவனத்திலும் பயின்றவர்; நிழற்படக் கலைஞர்; இரவிவர்மாவின் அச்சகத்தோடு தொடர்புற்று வண்ண அச்சுக்கலையில் தேர்ந்தவர்; அதன் பொருட்டு ஜேர்மனிக்கும் சென்றுவந்தவர். 1910-11 காலப்பகுதியில் பம்பாயில் கிறிஸ்துவின் வாழ்க்கை பற்றிய பேசாப்படத்தைக் கண்டபோது, இராமனும் கிருஷ்ணனும் இவ்வாறு திரையிற் தோன்றும் நாள் எப்போது என்னும் ஏக்கம் அவரைப் பற்றிக்கொண்டது. 1912இல் இலண்டன் சென்று, வில்லியம்சன் கமரா ஒன்றையும் துளையிடும் பொறியையும் பெற்றுக்கொண்டு சில வாரங்களிற் திரும்பினார். காப்புறுதிப் பத்திரங்களும் மனைவி சரஸ்வதிபாயின் நகைகளும் ஈட்டுக்குப் போயின. தாதரில் இருந்த வீடே படப்பிடிப்புக் கூடமாயிற்று. ஆறு மாதமும் இருபத்தேழு நாளும் வேலை நடந்ததாகக் கூறுவர்.

நடிகரைத் தேடியபோதுதான் உண்மையான இடர்ப்பாடு தோன்றிற்று. பத்திரிகைகளில் விளம்பரஞ் செய்யப்பட்டது. ஆண் வேடங்களுக்கு நாடகக் கம்பெனிகளைச் சார்ந்தோர் ஓரளவு கிடைத்தனர். தத்தாத்ரேய தாமோதர தாப்கே அரிச்சந்திரனாகவும், கஜானன் வாசுதேவ சானே விசுவாமித்திரராகவும் அமைந்தனர். கதையில் இறக்கவேண்டிய சிறுவன் வேடத்திற்குத் தம் பிள்ளையைத் தர எப்பெற்றோரும் முன்வரவில்லை. பால்கேயின் மகன் பாலச்சந்திராவே அதனை ஏற்கவேண்டியதாயிற்று. தாராமதியாக நடிக்கப் பெண்ணொருத்தியும் கிடைக்கவில்லை. குடும்பப் பெண்கள் வரமாட்டார்கள் என்பது எதிர்பார்த்ததே. பால்கே விலைமாதர் வாழ்ந்த தெருக்களுக்கும் சென்று கேட்டார். அங்கும் மறுப்பே கிடைத்தது.

இச்சம்பவம் எழுதப்படும் முறை எமக்கு எப்போதும் ஐயத்தை ஏற்படுத்துவதொன்று. 'விலைமாதரும் நடிக்க மறுத்தனர். சினிமா அத்துணை இழிவாகக் கருதப்பட்டது' என்பது வழமையான விளக்கம். இவ்விளக்கத்திலே 'விலைமாதரும்' என்ற சொல்லில் உள்ள உம்மையைச் சற்றே நிறுத்தி நோக்குதல் வேண்டும். மானம் என்பது அவர்களுக்கு ஏது என்னும் உயர்குடி அனுமானம் அவ்வும்மையிலே ஒளிந்துகொண்டிருக்கின்றது. உண்மையில் இதே கதையோடு சேர்த்துச் சொல்லப்படும் இன்னொரு செய்தி வேறொன்றைக் காட்டுகின்றது. ஒரு பெண் உடன்பட்டு வந்து, ஒத்திகையிலும் கலந்துகொண்டாள் என்றும், சில நாள்களில் அவளை வைத்திருந்தவர் வந்து அவளை அழைத்துச் சென்றுவிட்டார் என்றும் கூறப்படுகின்றது. அவ்வாறாயின் தடையாக நின்றது அவளது நாணமன்று. அவளது உடல்மீதும் நேரத்தின்மீதும் வேறொருவர் கொண்டிருந்த உரிமையே. குடும்பப் பெண்ணைக் கணவனோ தந்தையோ தடுத்தான். மற்றவளை அவளுக்குப் பணங்கொடுத்தவன் தடுத்தான். இருவகைப் பெண்களையும் வேறுபடுத்திப் பேசிய சமூகம் சொத்துரிமை என்ற ஓரிடத்தில் இருவரையும் ஒன்றாகவே நடத்திற்று.

இதனோடு இன்னொரு காரணமும் இணைந்திருத்தல் கூடும். இரவிவர்மாவின் தெய்வப் பெண்களுக்கு மாதிரிகளாக அமர்ந்தோருட் பாடகியரும் கலாவந்தினரும் இருந்தமை பதிவாகியுள்ளது. ஓவியன் அவர்களின் முகத்தை எடுத்துத் தன் தூரிகையால் இலக்குமியாகவும் சரஸ்வதியாகவும் ஆக்கிவிடுவான். வீடுகள்தோறும் அவ்வச்சுப்படம் தொங்கும்; அமர்ந்திருந்தவள் யாரென்று எவரும் கேளார். கமராவோ அவ்வாறு மறைத்துத் தருவதன்று. நின்றவளின் முகத்தையே அது காட்டும், ஊர்தோறும் கொண்டுசெல்லும், திரும்பத் திரும்பக் காட்டும். நாடக மேடையில் ஓரிரவிற்குத் தோன்றுவதைப் போன்றதன்று அது. இவ்வேறுபாட்டைப் பால்கேயைக் காட்டிலும் அப்பெண்கள் விரைவில் உணர்ந்திருப்பர் என்று கருதுவதில் தவறில்லை.

கிராண்ட் வீதி பம்பாயின் கேளிக்கைப் பகுதி. 1846ஆம் ஆண்டு முதலே அங்கு நாடகசாலை இருந்தது. பார்சி கம்பெனிகளும் மராத்தி கம்பெனிகளும் அதனைச் சூழ்ந்தே வளர்ந்தன. விலைமாதர் குடியிருப்பான காமாட்டிபுரம் அதற்கு அண்மையிலேயே அமைந்தது. நாடகம் பார்ப்போர்க்கும் நடிப்போர்க்கும் உணவளிக்கச் சாப்பாட்டுக் கடைகள் பெருகின. அவ்வாறான கடையொன்றிலே பால்கே தேநீர் அருந்தச் செல்வதுண்டு. அங்கே வேலைசெய்த இளைஞனின் மெலிந்த உடலும் மென்மையான கைகளும் அவர் கண்ணிற் பட்டன. கடையில் அவனுக்கு மாதம் பத்து ரூபா. பால்கே பதினைந்து ரூபா தருவதாகக் கூறினார். இவ்வாறே அண்ணா சாளுங்கே திரைப்படத் தொழிலுக்கு வந்து சேர்ந்தார். சிலர் அவரைச் சமையற்காரர் என்பர். சிலர் பரிமாறுபவர் என்பர். எங்ஙனமாயினும் ஐந்து ரூபா வேறுபாடே இந்தியத் திரையின் முதல் அரசியைத் தேடித் தந்தது.

இங்கு இரண்டு விடயங்கள் மனங்கொள்ளத்தக்கன. ஒன்று, அவர் மறுக்கவில்லை. பெண்வேடம் இழுக்கு என்றோ சினிமா இழிதொழில் என்றோ தயங்கும் வசதி, மாதம் பத்து ரூபா பெறும் ஒருவனுக்கு இல்லை. மானம், மரியாதை என்பவற்றையும் ஓரளவு வருமானம் உள்ளவனே பேணமுடியும். மற்றையது, பால்கே அவரது கைகளைப் பார்த்தார் என்பது. நிழற்படக்காரரும் அச்சுத் தொழிலருமான ஒருவரின் பார்வை அது. குரல் எவ்வாறு, பாடுவாரா, வசனம் உச்சரிப்பாரா என்று அவர் கேட்கவில்லை, கேட்கவேண்டியிருக்கவுமில்லை.

இவ்விடத்திற் பெண்வேடம் பற்றிய அக்கால அரங்க மரபை நோக்கின் ஒரு முக்கிய உண்மை வெளிப்படும். மராத்தி மேடையில் ஆண்கள் பெண்வேடந் தாங்குவது தாழ்வானதொன்றாக இருக்கவில்லை. பாலகந்தர்வர் எனப் புகழ்பெற்ற நாராயண் ஸ்ரீபாத ராஜஹம்சர் (1888-1967) அக்காலத்திலேயே உச்ச நிலையை எய்திக்கொண்டிருந்தார். அவர் மேடையில் அணிந்த சேலையின் பாங்கினை உயர்குடிப் பெண்கள் பின்பற்றினர் என்பர். எமது மரபிலும் ஸ்திரீபார்ட் நடிகர்கள் பெற்ற மதிப்பை நாம் அறிவோம். ஆனால் இக்கலைஞர்கள் யாவரும் முதலிற் பாடகர்கள். பெண்மை என்பது அவர்களின் குரலிலும் இசையிலுமே முதன்மையாக உருப்பெற்றது. பல்லாண்டுப் பயிற்சியின் விளைவு அது. பேசாப்படமோ குரலை முற்றாக நீக்கிவிட்டது. அதனாலேயே இசைப்பயிற்சி எதுவுமற்ற ஒரு சாப்பாட்டுக் கடைத் தொழிலாளி, பாலகந்தர்வர் போன்றோர் பல ஆண்டுகள் உழைத்தடைந்த இடத்திற்கு ஒரே நாளில் வந்து நிற்க முடிந்தது. புதிய தொழில்நுட்பம் பழைய கலைத்திறனை மதிப்பிழக்கச் செய்து, பயிற்சியற்ற உழைப்பை அவ்விடத்தில் அமர்த்துவது கைத்தறியில் மட்டும் நிகழ்ந்ததொன்றன்று.

படப்பிடிப்பு நடந்த வீட்டைப் பற்றிய செய்திகள் பல சுவையானவை. தோழியராக வேடமிட்ட ஆண்கள் மீசையை மழிக்க மறுத்தனர். தந்தை இறந்தாலன்றி மீசை எடுப்பதில்லை என்பது அவர்களின் வழக்கம். பேசிப் பேசியே அவர்களை இணங்கவைக்க வேண்டியிருந்தது. பெண்ணின் நடையும் சாயலும் படிவதற்காகச் சேலை உடுத்தவாறே அரிசி புடைத்தல் முதலான வீட்டு வேலைகளை அவர்கள் செய்யவேண்டும் என்பது பால்கேயின் கட்டளையாம். இச்செய்தியை நாம் முதன்முதலில் வாசித்தபோது எமக்குத் தோன்றியது இதுவே: பெண்மை என்பதைப் பயிலும் வழி வீட்டு வேலையைப் பயில்வதே என்று அவ்வீட்டார் யாவரும் ஐயமின்றி நம்பியிருக்கின்றனர். சாளுங்கேயைப் பொறுத்தவரை அப்பயிற்சி புதிதாயிருந்திராது.

சினிமாவில் வேலை என்று வெளியிற் கூறினால் அவமதிப்பு நேரும் என்பதால், அரிச்சந்திரன் என்பவரின் தொழிற்சாலையில் வேலை என்று சொல்லுமாறு நடிகர்களுக்குக் கூறப்பட்டதாம். 2009இல் வெளிவந்த மராத்தித் திரைப்படமொன்று இதனையே தன் தலைப்பாக்கிக்கொண்டது. நகைச்சுவையாகக் கூறப்பட்ட அச்சொல் உண்மைக்கு மிக அணித்தானது. அது தொழிற்சாலையே, ஆனால் குடும்பத்தின் உருவில் இயங்கிய தொழிற்சாலை. நடிகரும் தொழிலாளரும் அங்கேயே உண்டு உறங்கினர். அவ்வளவு பேருக்கும் சமைத்தவர் சரஸ்வதிபாய். இரவிலே துளையிடப்படாத பிலிமுக்கு இருளில் இருந்து துளையிட்டவரும், எடுத்த படத்தை இரசாயனக் கரைசலிற் கழுவத் துணைநின்றவரும் அவரே. திரையிற் தோன்ற ஒரு பெண் கிடைக்கவில்லை என்று வரலாறு கூறும் அதே வீட்டில், அத்திரையை இயக்கிய உழைப்பின் பெரும்பங்கு ஒரு பெண்ணுடையதாய் இருந்தது. அவருக்குச் சம்பளமும் இல்லை. படத்திற் பெயரும் இல்லை. சாளுங்கேக்கேனும் பதினைந்து ரூபா கிடைத்தது.

படம் 1913 ஏப்பிரல் 21ஆம் நாள் அழைக்கப்பட்டோர்க்கு ஒலிம்பியா அரங்கிற் காட்டப்பட்டது. ஒலிம்பியா இருந்ததும் கிராண்ட் வீதியிலேயே. பெண்ணைத் தேடி மறுப்புப் பெற்ற தெருவும், சமையற்காரனைக் கண்டெடுத்த தெருவும், அவனை அரசியாகக் காட்டிய தெருவும் ஒன்றுக்கொன்று கூப்பிடு தூரத்திலேயே இருந்தன. மே 3ஆம் நாள் கிர்காமில் உள்ள கொரனேஷன் அரங்கிற் பொதுமக்களுக்குக் காட்சி தொடங்கியது. அன்றைய நிகழ்ச்சியில் வெளிநாட்டு நடனமும், நகைச்சுவைக் காட்சியும், காலால் பொருள்களை எறிந்து ஏந்தும் வித்தையும் உடன் இடம்பெற்றன. சினிமா இன்னும் தனித்து நிற்கத் துணியாத காலம் அது.

சூரத்தில் மக்கள் வராதுபோகவே, 57,000 நிழற்படங்கள், இரண்டு மைல் நீளம், கட்டணம் மூன்று அணா என்ற பாங்கில் பால்கே விளம்பரஞ் செய்தார் என்பர். கணக்கிட்டுப் பார்ப்பது வரலாற்று மாணவர்க்குரிய கெட்ட பழக்கம். படத்தின் நீளம் ஏறத்தாழ 3,700 அடி. அடி ஒன்றுக்குப் பதினாறு படங்களாதலின் 57,000 என்பது பெரிதும் பொருந்துகின்றது. இரண்டு மைல் என்பதோ பொருந்தவில்லை. முக்கால் மைலும் தேறாது. சத்தியவந்தனின் கதைக்குச் செய்யப்பட்ட விளம்பரத்தில் இவ்வளவு பொய் இருந்தது.

பால்கேயின் அடுத்த படமான 'மோகினி பஸ்மாசுர'னில் இரு பெண்கள் நடித்தனர். துர்காபாய் காமத் பார்வதியாகவும், அவருடைய மகள் கமலாபாய் மோகினியாகவும் தோன்றினர். கணவனைப் பிரிந்து, மகளை வளர்ப்பதற்காக நாடக மேடையை நாடியவர் துர்காபாய். பிறந்த சமூகத்தின் புறக்கணிப்பை ஏற்கெனவே அனுபவித்துவிட்டவர்க்கு இழப்பதற்கு மேலும் ஏதும் இருக்கவில்லை. எனவே பெண்கள் திரைக்கு வந்த வரலாற்றை 1913க்குப் பிந்திய நேர்க்கோட்டு முன்னேற்றமாகப் பலரும் எழுதுவர். ஆனால் உண்மை அவ்வாறன்று. அதன் பின்னர் நான்காண்டு கழித்து, 1917இல், சீதையாக நடித்தவர் மீண்டும் அண்ணா சாளுங்கேயே. பெண்கள் நடிக்கலாம் என்பது நிரூபிக்கப்பட்ட பின்னரும் ஆணைக் கொண்டு நடிப்பிப்பதே இலகுவாகவும் மலிவாகவும் தோன்றிற்று. வழி திறந்துவிட்டது என்பதாலேயே எல்லோரும் அவ்வழி நடந்துவிடுவதில்லை.

எமது நாட்டின் பெயரைத் தலைப்பிற் கொண்ட 'லங்கா தகனம்' தனித்து ஆராயத்தக்கது. அனுமனாகக் கண்பத் ஷிண்டே நடித்தார். இராமனும் சீதையும் சாளுங்கே. இந்தியத் திரையில் ஒருவர் இரு வேடந் தாங்கியதற்கு இதுவே முதல் எடுத்துக்காட்டாகக் கொள்ளப்படுகின்றது. தந்திரக் காட்சிகளில் வல்லவரான பால்கே இதற்குப் பெரிய தந்திரம் எதனையும் நாடவேண்டியிருந்திராது என்பது எமது கருத்து. கதையே இருவரையும் பிரித்து வைத்துள்ளது. ஒருத்தி அசோகவனத்தில், ஒருவன் கடலுக்கு அப்பால். உடையை மாற்றிக்கொண்டு வந்து நின்றால் போதும். பிரிவைப் பாடிய காவியம் ஒரு சம்பளத்தை மிச்சப்படுத்தித் தந்தது என்று கூறின் சிலர் மனம் வருந்தலாம். ஆயினும் முதலாம் உலகப் போரின் காரணமாகப் பிலிமுக்கும் பணத்திற்கும் பால்கே திண்டாடிய ஆண்டுகள் அவை என்பதை மறத்தலாகாது.

மக்கள் அப்படத்தை ஏற்றுக்கொண்ட விதம் வியப்பிற்குரியது. இராமன் திரையில் தோன்றியதும் பார்ப்போர் காலணிகளைக் கழற்றினர் என்று அக்காலத்தை அறிந்தோர் கூறியுள்ளனர். வசூலான நாணயங்கள் கோணிப் பைகளிற் கட்டப்பட்டு மாட்டு வண்டியில் எடுத்துச் செல்லப்பட்டதாகவும் செய்தி உண்டு. சீதையின் புயங்கள் சற்றே திரண்டிருந்தமை பிற்காலத்துப் பார்வையாளர்க்கு நகைப்பாயிற்று. 1917இன் மக்கள் அதனைக் கண்டிராமலில்லை, அதனைப் பொருட்படுத்தவில்லை. கூத்தையும் நாடகத்தையும் பார்த்துப் பழகிய கண்களுக்கு வேடம் என்பது ஒருவகை உடன்படிக்கை. நடிகனின் உடல் வேறு, பாத்திரம் வேறு என்பதை அறிந்தே அவர்கள் வணங்கினர். திரையில் தெரிவது 'உண்மை' என்று நம்பும் பழக்கம் பின்னாள் சினிமா எமக்குக் கற்பித்த ஒன்று.

அவ்வுடன்படிக்கை எல்லோருக்கும் நீட்டப்பட்டதோ என்று கேட்டால், இல்லை. திருவனந்தபுரத்தில் 1928 எனவும் 1930 எனவும் கூறப்படும் 'விகதகுமாரன்' வெளியீட்டின்போது நிகழ்ந்ததை இங்கு ஒப்புநோக்குதல் பொருத்தமாகும். ஜே. சி. டானியல் எடுத்த அப்படத்தில் தாழ்த்தப்பட்ட சமூகத்தைச் சேர்ந்த பி. கே. ரோசி நாயர்குலப் பெண்ணாக நடித்தார். உயர்சாதியினர் கொதித்தெழுந்தனர், திரையின்மேல் கல்லெறியப்பட்டது, அவர் ஊரைவிட்டே ஓடவேண்டியதாயிற்று. பம்பாயில் ஆண் ஒருவன் சீதையாகலாம், வணங்கப்படலாம். தெற்கில் ஒரு பெண், பெண்ணாகவே தோன்றியும், அவளுடைய சாதி அவளைப் பின்தொடர்ந்து திரைக்குள்ளும் வந்தது. வேடத்தின் எல்லையை வகுத்தது கலை மரபன்று. பால் வேறுபாட்டைத் தாண்டிச்செல்ல அனுமதித்த அதே நிலமானிய மனப்பாங்கு, சாதி வேறுபாட்டைத் தாண்ட அனுமதிக்கவில்லை.

1918இல் பால்கே செல்வந்தர் சிலரைப் பங்காளராகக் கொண்டு நாசிக்கில் இந்துஸ்தான் திரைப்படக் கம்பெனியை அமைத்தார். வீட்டுத் தொழில் கம்பெனித் தொழிலாயிற்று. மூலதனம் வந்தது, அதனோடு கணக்கும் கட்டுப்பாடும் வந்தன. பால்கே பங்காளரோடு முரண்பட்டு விலகியதும் மீண்டும் வந்ததும் விரிவாக எழுதப்பட்டுள்ளன. அவற்றை இங்கு விடுப்போம். 1919இன் 'காளிய மர்த்தன'த்தில் பால்கேயின் சிறுமகள் மந்தாகினி கிருஷ்ணனாக நடித்தாள். ஆண் சீதையாயிருந்த அதே குழுவில் ஒரு சிறுமி கிருஷ்ணனாயிருந்தாள் என்பது குறிப்பிடத்தக்கது. இருபதுகளின் தொடக்கத்திற் சாளுங்கேயின் நடிப்பு வாழ்வு முடிவை அண்மியது. 1922ஆம் ஆண்டின் 'சத்தியநாராயண'னை ஒட்டிய காலத்தில் அவர் நடிப்பையும் ஒளிப்பதிவையும் ஒருங்கே செய்தார். பின்னர் ஒளிப்பதிவாளராகவே நிலைபெற்றுப் பேசாப்படக் காலம் முடியும்வரை அக்கம்பெனியின் பல படங்களைப் பதிவுசெய்தார்.

இம்மாற்றத்தை நூல்கள் ஒரு வரியிற் கடந்து செல்கின்றன. எமக்கோ அவரது வாழ்வில் மிக முக்கியமான திருப்பம் இதுவென்றே தோன்றுகின்றது. தாராமதியாக நின்றபோது அவரிடம் வேண்டப்பட்டது அவரது உடலின் தோற்றம்; அதுவும் பிறர் கண்டு தேர்ந்த தோற்றம். வயது ஏறுந்தோறும் தேய்ந்துபோகும் முதல் அது. கமராவை இயக்குவது கற்றுப் பெறும் திறன். அக்காலத்துக் கமரா கையாற் சுற்றப்படுவது. சீரான வேகத்தில் கை சுழலாவிடின் திரையில் மனிதர் துள்ளுவர் அல்லது தவழ்வர். வெயிலின் அளவை அளக்கும் கருவி பெரும்பாலும் கண்ணே. மென்மைக்காகத் தேர்ந்தெடுக்கப்பட்ட கைகள் இப்போது சீரான உழைப்பிற்காகத் தேவைப்பட்டன. கல்லூரியிலோ வெளிநாட்டிலோ அவர் இதனைக் கற்றாரல்லர்; வேலைத்தலத்திலேயே, பார்த்தும் செய்தும் கற்றார். எமது நாட்டிலும் அச்சுக்கூடத்திலும் பட்டறையிலும் தொழிலாளர் தலைமுறை தலைமுறையாகக் கற்றுவந்த வழி அதுவே.

1927-28இல் சென்னை வழக்கறிஞர் டி. ரங்காச்சாரியார் தலைமையிலான இந்திய சினிமாக் குழு நாடெங்கும் சென்று சாட்சியம் கேட்டது. பால்கேயும் சாட்சியமளித்தார். நற்குடும்பத்துப் படித்தவர்களை, குறிப்பாகப் பெண்களை, இத்தொழிலுக்கு எவ்வாறு ஈர்ப்பது என்பது அக்குழுவினரின் கவலைகளுள் ஒன்றாயிருந்தது. பதினைந்து ஆண்டுகளாக அத்தொழிலைத் தம் தோளிற் சுமந்தவர்கள் நற்குடும்பத்தவரல்லர் என்பது அக்கேள்வியிலேயே அடங்கியுள்ளது. அத்தொழிலாளர் எவ்வாறு வாழ்கின்றனர் என்பதைக் காட்டிலும், அவர்களுக்குப் பதிலாக யாரைக் கொண்டுவரலாம் என்பதே வினாவாக இருந்தது. 1931 மார்ச் மாதத்தில் 'ஆலம் ஆரா' பேசத் தொடங்கியதும் குரல் மீண்டும் விலைபெற்றது. பாடகியர் திரைக்கு வந்தனர். குரலில்லாத் தாராமதிக்கு இடமில்லாத ஒரு புதிய தொழில் உருவாயிற்று.

'ராஜா ஹரிச்சந்திரா'வின் நான்கு சுருள்களில் முதலாவதும் இறுதியானதும் மட்டும், மொத்தம் 1,475 அடி, புனே தேசியத் திரைப்படக் காப்பகத்தில் எஞ்சியுள்ளன. அவையும் 1913இல் எடுக்கப்பட்டவை அல்ல, 1917இல் பால்கே மீண்டும் எடுத்த 'சத்தியவாதி ராஜா ஹரிச்சந்திரா'வின் பகுதிகளே என்று சில திரைப்பட வரலாற்றாய்வாளர் வாதிடுகின்றனர். 'லங்கா தகன'த்திலிருந்தும் ஒரு சிறு பகுதி எஞ்சியுள்ளது. முதற் சுருள், அரசன் மகனுக்கு வில்வித்தை பயிற்றும் காட்சியோடு தொடங்குகின்றது. இரவிவர்மாவின் படமொன்றிலிருந்து இறங்கிவந்தவள் போல அரசி அருகில் நிற்கின்றாள். சிறிது நேரத்தின் பின் நீர்த்தொட்டிக் காட்சி வருகின்றது. மீசை மழித்த தோழியர் ஈரச் சேலையோடு நீரில் விளையாடுகின்றனர். அவர்களுட் பலருக்குக் கமரா எங்கிருக்கின்றதென்பது நன்கு தெரியும். அடிக்கடி அதன் பக்கம் பார்த்துவிடுகின்றனர். அரசி மட்டும் பார்ப்பதில்லை.